கதவைப் பார்க்கப் போகும் அம்மையார்

நெதர்லாந்தில் முதியவர்களை ஏற்றிச் செல்லும் வேன் ஓட்டுகிறேன். மனைவி நர்ஸ் வேலைக்கு வந்தாள், பின்னாலேயே நானும் வந்தேன். ஆஸ்பத்திரிக்கு, முடிவெட்ட, மகள் வீட்டுக்கு என்றுதான் சவாரி வரும். ஹென்னி அம்மையார் மட்டும் புதன்கிழமைதோறும் ஒரு கதவைப் பார்க்கப் போவார். வயது எண்பத்தேழு. முதல் நாள் எங்கே போக வேண்டும் என்று கேட்டதற்கு "மெய்ன் டோர்" என்றார். டச்சில் 'டோர்' என்றால் கதவு, 'டூர்' என்றால் விலை அதிகம். எனக்கு இரண்டும் ஒன்றாகவே கேட்டது. சவாரிக் கட்டணத்தைப் பற்றிக் குறைப்படுகிறார் என்று நினைத்து மன்னிப்புக் கேட்டேன். அவரும் எதற்கென்று தெரியாமலே என்னை மன்னித்தார்.

அவர் போகும் இடம், உலகப்போரில் பாராசூட்டில் வந்திறங்கிய படைவீரர்களுக்கான அருங்காட்சியகம். மரங்களுக்கு நடுவே ஒரு பழைய பங்களா. உள்ளே நுழைந்ததும் தலைக்குமேல் ஒரு பாராசூட் விரிந்து தொங்கும். துப்பாக்கிகள் இருக்கத்தான் செய்தன. ஆனால் என்னை நிறுத்தியவை சின்னப் பொருள்கள். பாதி எழுதிய கடிதம், ஷேவிங் பிரஷ், ஒற்றைக் கையுறை. ஒவ்வொன்றின் கீழும் அது யாருடையது, அவன் எந்த ஊர், என்ன வயது என்று எழுதியிருந்தார்கள். பெயரில்லாத ஒரு பொத்தானுக்குக்கூட, இன்னும் தேடிக்கொண்டிருக்கிறோம் என்று ஒரு குறிப்பு.

கதவு நிலவறையில் இருக்கிறது. பச்சைப் பெயிண்ட் உரிந்த, சாதாரணச் சமையலறைக் கதவு. ஹென்னிக்கு ஆறு வயதாக இருந்தபோது, வீட்டுத் தோட்டத்தில் அடிபட்டு விழுந்த ஓர் ஆங்கிலேயப் பையனைத் தூக்கிவர, அவருடைய அப்பா அதைக் கழற்றியிருக்கிறார். இரண்டு நாள் அந்தக் கதவின் மேலேயே கிடந்து அவன் இறந்துபோனான். ஊரை மீட்க வந்த அந்தப் படையும் தோற்றது. ஹென்னியின் வீடும் இடிந்தது.

தோற்றவர்களுக்கா இவ்வளவு பெரிய நினைவகம் என்று என் அரைகுறை டச்சில் கேட்டுவிட்டேன். அவர் கோபப்படவில்லை. "எங்களைத் தெரியாது, எங்கள் பாஷை தெரியாது. ஆனாலும் குதித்தார்கள்" என்றார்.

அங்கிருந்து கல்லறைத் தோட்டம் பக்கம். ஒரே அளவில் வெள்ளைக் கற்கள், வெட்டிச் சீராக்கிய புல். வருடத்துக்கு ஒருநாள் பள்ளிப் பிள்ளைகள் வந்து ஒரு கல் விடாமல் பூ வைப்பார்கள். அந்தப் பையனின் கல்லுக்கு மட்டும் ஹென்னியே பூ கொண்டுபோவார். ஒருநாள் கல்லைத் துடைத்துக்கொண்டே, எனக்கு உடன்பிறந்தவர்கள் உண்டா என்று கேட்டார். ஓர் அண்ணன் இருந்தான், பஹ்ரைனில் புதைத்தோம் என்றேன். "அவருக்கு யார் பூ வைக்கிறார்கள்?"

ஜெபராஜ் அண்ணன் ஏ.சி. மெக்கானிக். கொரோனாவில் விமானங்கள் நின்றிருந்த மாதத்தில் இறந்தான். உடலை ஊருக்குக் கொண்டுவர வழியில்லை. அங்கேயே அடக்கம் செய்யச் சம்மதம் என்ற தாளை எங்கள் ஊர் இரணியலில் வீட்டு மேசையில் வைத்து, அண்ணன் மனைவியான மைனியின் கையைப் பிடிக்காத குறையாகக் கையெழுத்து வாங்கியவன் நான். ஊர் சர்ச் கல்லறைத் தோட்டத்தில் அப்பாவுக்குப் பக்கத்தில் அவனுக்கான இடம் இன்றும் காலியாகவே கிடக்கிறது. அதன்பிறகு மைனி என்னிடம் அந்தக் கல்லறையைப் பற்றிக் கேட்டதில்லை. நானும் பேச்செடுத்ததில்லை.

ஹென்னி கேட்ட கேள்வி மூன்று நாள் என்னை விடவில்லை. நான்காம் நாள் பஹ்ரைனில் இருக்கும் ஸ்டீபனை அழைத்தேன். புதுக்கடை ஊர்க்காரர், அண்ணனுடன் ஒரே அறையில் இருந்தவர். அந்த இடம் எங்கே என்று ஞாபகம் இருக்கிறதா என்று தயங்கித் தயங்கிக் கேட்டேன்.

"ஞாபகமா? ஒரு பலவையில பேரு எழுதி நட்டுருக்கேன் மக்கா. வெயில்ல பெயிண்டு போவும். ஆறு மாசத்துக்கு ஒருக்க திரும்ப எழுதுவேன்."

இத்தனை வருடம் ஏன் சொல்லவில்லை என்றேன்.

"நீங்க யாரும் கேக்கல்லியே. நானா சொன்னா ஒங்க மைனிக்கு வெசனம் கூடும்னு நெனச்சேன்."

அடுத்த புதன்கிழமை அவர் அங்கே போய் வீடியோவில் வருவதாகச் சொன்னார். மைனியிடம் சொன்னேன். எத்தனை மணிக்கு என்று மட்டும் கேட்டாள்.

அன்று ஹென்னியைக் கல்லறைத் தோட்டத்து பெஞ்சில் உட்காரவைத்துவிட்டு போனை எடுத்தேன். ஸ்டீபன் மணலைக் காட்டினார். கறுப்புப் பலகை, வெள்ளைத் தமிழ் எழுத்து. மைனி அழவில்லை. முகத்தைத் திரைக்குப் பக்கத்தில் கொண்டுவந்தாள்.

"தம்பி, நீங்க நிக்கது எங்க, அவிய கெடக்கது எங்க? ரெண்டு எடத்துலயும் கல்லறயாத்தான் தெரியுது."

சொன்னேன். என் பின்னால் தெரியும் கல் யாருடையது என்று கேட்டாள். இங்கே குதித்து இறந்த ஒரு பையன், இருபத்தொரு வயது என்றேன்.

"அந்தப் பிள்ளைக்கும் ஒரு பூ வச்சிட்டு வாங்க" என்றாள். "அன்னைக்கு நீங்க கையெழுத்து வாங்காட்டா அவியளுக்கு இந்த எடமும் கெடச்சிருக்காது" என்றாள்.

தூறல் விழத் தொடங்கியிருந்தது. ஹென்னி கைத்தடியை ஊன்றி எழுந்து வந்து, இதில் எது உன் அண்ணன் என்று கேட்டார். போனில் பலகையைத் தொட்டுக் காட்டினேன். திரையெல்லாம் நீர்த்துளி. அவர் கைக்குட்டையை எடுத்து, கல்லைத் துடைக்கும் அதே பொறுமையோடு அதைத் துடைத்தார். பஹ்ரைனில் வெயில். இரணியலிலும் வெயில். மழை, நாங்கள் நின்ற பக்கத்தில் மட்டும்.