ஓடும் மெஷினில் கை வைக்காதே

அட்டைப்பெட்டித் தொழிற்சாலையில் பாதுகாப்பு மேற்பார்வையாளராக இருந்தவருக்கு முன்ஜாக்கிரதை என்று பெயர் வைத்துவிட்டார்கள். நேரில் 'சார்' என்பார்கள். தலை மறைந்ததும் முன்ஜாக்கிரதைதான். மனுஷன் அதற்குத் தகுதியானவர். வெயில் கொளுத்தும் நாளிலும் கையில் குடை இருக்கும். பரணில் இருந்து பெட்டியை இறக்கக்கூட ஹெல்மெட் போடுவார். ஆனால் அவர் பிரிவில் இதுவரை ஒருவருக்கும் விரல் போனதில்லை. அதைக் குறை சொன்னால் நம் வாய் வெந்துபோகும்.

அப்பேர்ப்பட்டவர் வீட்டில்தான் முதல் குழந்தை ஆறாம் மாதமே பிறந்து, அன்றைக்கே போய்விட்டது. அவர் மனைவி வழுக்கி விழவில்லை, பாரம் தூக்கவில்லை. தன் தையல் கடையில் உட்கார்ந்து சட்டைக்குக் காஜா எடுத்துக்கொண்டிருந்தவளுக்கு லேசாக இடுப்பு கடுத்தது, அவ்வளவுதான். எந்த விபத்துக்கும் காரணம் கண்டுபிடிக்காமல் அவர் விட்டதில்லை. இதற்குக் காரணம் கிடைக்கவில்லை. கிடைக்காததால் கண்ணில் பட்டதையெல்லாம் காரணமாக்கினார்: மாடிப்படி, ஸ்கூட்டர், ஈரத்துணி, அவளுடைய சித்தப்பா சொன்ன ஜோக்குக்கு அவள் விழுந்து விழுந்து சிரித்தது.

இரண்டாம் முறை அவள் உண்டானதும் மனுஷன் வரிந்து கட்டிக்கொண்டு இறங்கினார். மாடி வீட்டைக் காலி செய்து கீழ்த்தளத்துக்குக் குடிபோனார்கள். கால்பக்கம் உயர்ந்திருக்கட்டும் என்று கட்டிலுக்கு அடியில் செங்கல் ஏறியது. தையல் கடைக்குப் பூட்டு, சாவி அவர் பையில். சித்தப்பா வாசலோடு சரி. அவள் தும்மினால் இவர் லீவு போட்டார். பகலில் காவலுக்குத் தன் அக்காவை ஊரில் இருந்து வரவழைத்து, தம்ளர் முதற்கொண்டு எதையும் அவள் தூக்கக்கூடாது என்று பாடம் எடுத்தார். அக்கா எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள்.

நான்காம் மாதக் கடைசியில் டாக்டரம்மா பொறுமையாகத்தான் சொன்னார். முன்பு ஒன்று சீக்கிரம் பிறந்திருப்பதால் கர்ப்பப்பை வாயின் நீளத்தை உள்வழியாக ஸ்கேன் செய்து பார்க்க வேண்டும். அது நாளுக்கு நாள் குட்டையானால் பெரிய வலி இல்லாமலேகூடத் திறந்துகொள்ளும். முன்கூட்டியே தெரிந்தால் மருந்து உண்டு, சிலருக்குத் தையலும் போடுவோம். படுத்தே கிடப்பதால் ஒரு பயனும் இல்லை, நடக்கட்டும். கடைசியாகச் சொன்னது அவர் காதில் ஏறவே இல்லை. 'உள்வழியாக' என்ற இடத்திலேயே அவர் நின்றுவிட்டார்.

"ஓடிட்டிருக்கிற மெஷின்ல யாரும் கை வைக்க மாட்டாங்க டாக்டர்," என்றார்.

தொழிற்சாலையில் அது முதல் விதி. சிவப்பு எழுத்தில் அவரே எழுதி மாட்டியது. அந்தக் கருவியால் குழந்தைக்கு ஓர் ஆபத்தும் இல்லை என்று டாக்டரம்மா எவ்வளவோ எடுத்துச் சொன்னார். செவிடன் காதில் ஊதிய சங்குதான். பிறகு பார்க்கலாம் என்று மனைவியைக் கூட்டிக்கொண்டு வந்துவிட்டார். வழியெல்லாம் அவள் வாயே திறக்கவில்லை. அவர் அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டார்.

ஆறாம் மாதம் தொடங்கியதும் அவருக்குச் சாப்பாடு இறங்கவில்லை. இந்தப் பிள்ளையாவது தங்க வேண்டுமே என்று குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதார். பாவம், அந்தப் பயம் பொய்யில்லை. ஆறு போய், ஏழு போய், எட்டும் போய், மாதம் நிறைந்து பெண் குழந்தை பிறந்தது. வார்டே திரும்பிப் பார்க்கிற மாதிரி கத்தியது.

அப்புறம் அவரைப் பிடிக்க முடியுமா? செங்கல்லின் மகிமையைக் கேட்காதவர் தொழிற்சாலையில் இல்லை. கேன்டீன்காரர் இவரைக் கண்டால் கடைசி மேசைக்கு நகர்ந்தார். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதையாக இருக்கலாம் என்று யார் போய் அவரிடம் சொல்வது?

அந்தப் புகழைக் கேட்டுத்தான் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஃபோர்க்லிஃப்ட் டிரைவர் மனைவியோடு வீட்டுக்கு வந்தான். அவர்களுக்கும் ஒன்று பாதியில் போயிருந்தது. இப்போது அவளுக்கு நாலு மாதம். முன்ஜாக்கிரதை படிக்கட்டில் தொடங்கிச் செங்கல்வரை ஒன்றையும் விடாமல் சொன்னார். உள்வழியாக ஸ்கேன் என்பார்கள், மூச்சு விடாமல் எழுந்து வந்துவிடுங்கள் என்று முடித்தார். அந்தப் பெண் பயத்தோடு தலையாட்டினாள்.

மடித்துக்கொண்டிருந்த துணியை மனைவி கீழே வைத்தாள்.

"அந்த ஸ்கேனை எடுத்துக்கோம்மா. நானும் எடுத்தேன்."

அவர் திரும்பி அக்காவைப் பார்த்தார். அக்கா குழந்தையைத் தோளில் தட்டியபடி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். காவலுக்கு வைத்தவள்தான் கையைப் பிடித்துக் கூட்டிப்போயிருக்கிறாள். அளந்ததில் கர்ப்பப்பை வாய் குட்டையாகத்தான் இருந்தது. அன்று முதல் தினமும் உள்ளே வைக்கிற மருந்து. நடுவில் மறுபடி ஸ்கேன். பிள்ளை நிச்சயம் தங்கும் என்று டாக்டரம்மா சொல்லவில்லை, வாய்ப்பு கூடும் என்றுதான் சொன்னார். எல்லாவற்றையும் அவள் அந்தப் பெண்ணைப் பார்த்தே சொன்னாள்.

"என்கிட்ட ஏன் சொல்லல?" என்றார் அவர்.

"சொன்னா விட்டிருப்பீங்களா?"

அவள் சண்டைக்கு நிற்கவில்லை, குரலைக்கூட உயர்த்தவில்லை.

"குட்டையாயிருக்குன்னு அவங்க சொன்னப்போ எனக்குக் கையும் காலும் ஓடல. உங்க கையைத்தான் தேடினேன். ஆனா இந்தப் பிள்ளையைக் காப்பாத்தணும்னா முதல்ல உங்களுக்குத் தெரியாம இருக்கணுமே."

குழந்தை அக்காவின் தோளில் சிணுங்கியது. டிரைவர் எழுந்திருப்பதா உட்கார்ந்திருப்பதா என்று தெரியாமல் பாதி எழுந்தான்.

"அப்போ நாங்க என்ன சார் பண்றது?"

முன்ஜாக்கிரதை அவன் தோளைப் பிடித்து உட்கார வைத்தார்.

"ஸ்கேன் எடுங்கப்பா," என்றார். "நீயும் கூடப் போ. வெளியில நிக்காத, உள்ள போயி அவ கையைப் பிடிச்சுக்கோ."