அண்ணன் கல்லில் இரண்டு பிறந்த நாள்கள்

அண்ணன் எங்களை விட்டுப் பிரிந்து ஓராண்டு நிறைகிறது. கல்லறைத் தோட்டத்தில் அவருக்கு வைத்த கல்லைக் கண்ட உறவினர் பலர், அதில் பிறந்த நாள் இரண்டு பொறிக்கப்பட்டிருப்பது ஏன் என்று கேட்டார்கள். நின்ற நிலையில் சொல்லி முடிக்கத்தக்க செய்தியன்று அது. ஆகவே, தங்கையாகிய நான் இங்கு எழுதுகிறேன்.

அண்ணன் பிறந்தது மணப்பாட்டுக்குத் தெற்கே, கடலையொட்டிய எங்கள் சிற்றூரில். தந்தையார் தூத்துக்குடித் தோணிகளில் கொழும்புக்குச் சென்றுவந்தவர். ஆண்டிற் பாதி நாள் கடலிலேயே இருந்தார். பள்ளிப் படிப்பு முடிந்ததும் அண்ணன், துறைமுகத்தில் சரக்கு ஏற்றியிறக்கும் தனியார் நிறுவனம் ஒன்றில் கடைநிலை ஊழியராகச் சேர்ந்தார். பின்னர்க் கிரேன் இயக்குபவராக உயர்ந்தார். "அண்ணாச்சி இறக்கி வச்சா தரைக்கே தெரியாது" என்பது உடன் பணியாற்றியோர் அவருக்குத் தந்த நற்சான்று. அந்த ஊதியத்தில்தான் நான் பாளையங்கோட்டையில் தங்கிப் படித்துத் தமிழாசிரியை ஆனேன்.

ஐம்பத்தெட்டு வயது நிறைவதால் அடுத்த ஆண்டு ஓய்வு என்று நிறுவனத்திலிருந்து கடிதம் வந்த அன்று, அம்மா வியப்போடு கேட்டார்:

"ஏலே, அதுக்குள்ள என்ன ஓய்வு? ஒனக்கு இன்னும் ரெண்டு வருசம் கெடக்கே!"

"பள்ளிக்கூடத்துல எழுதுன தேதிம்மா அது. நம்ம ஊர்ல பாதிப் பேரு வாத்தியார் நெனச்ச அன்னைக்குப் பொறந்தவங்கதான்" என்று அண்ணன் சிரித்தார்.

அண்ணன் பிறந்தது, செப்டம்பரில் வரும் சிலுவைத் திருநாளுக்கு மறுநாள். ஆண்டுதோறும் அம்மா அன்றுதான் பாயசம் வைப்பார். பள்ளிச் சான்றிதழோ, அதற்கு ஏறத்தாழ இரண்டாண்டு முன்னதாக, கார்த்திகை மழைக்காலத்து நாள் ஒன்றைக் காட்டியது. அந்த இரண்டாண்டு அப்போது எங்களுக்குப் பெரிது. அண்ணன் மகள் செவிலியர் கல்லூரியில் சேர்ந்திருந்தாள். தந்தை ஓய்வு பெற்ற பிறகும் அவளுக்கு இரண்டாண்டுப் படிப்பு எஞ்சியிருக்கும். பிறந்த நாளைத் திருத்தித் தருமாறு அண்ணன் விண்ணப்பித்தார். நீதிமன்றத் தீர்ப்புடன் வருமாறு நிறுவனத்தார் விடையளித்தனர்.

சான்று தேடிப் பங்குக் கோயிலுக்குச் சென்றபோது நானும் உடன் இருந்தேன். பங்குத்தந்தை பழைய திருமுழுக்குப் பதிவேட்டைப் பொறுமையாகப் புரட்டினார். அண்ணன் பெயரிலேயே இரண்டு பதிவுகள் இருந்தன. இரண்டிலும் பெற்றோர் பெயர் ஒன்றே. இரண்டாவது, சிலுவைத் திருநாளுக்கு மறுநாள் பிறந்த குழந்தையினுடையது. முதலாவது, பள்ளிச் சான்றிதழில் இருந்த அதே கார்த்திகை நாளில் பிறந்த குழந்தையினுடையது.

தலைப்பிள்ளைக்குத் தந்தைவழிப் பாட்டனார் பெயரை இடுவதும், அப்பிள்ளை தவறிவிட்டால் அடுத்த ஆண்பிள்ளைக்கு அதே பெயரை இடுவதும் எங்கள் குடும்ப வழக்கம். அண்ணனுக்கு ஓர் அண்ணன் இருந்திருக்கிறார்! பள்ளியிற் சேர்க்கச் சான்று எழுதித் தந்த கோயில் உபதேசியார், பெயரைத் தேடி முதலிற் கண்ட பதிவையே படியெடுத்திருக்கிறார். எழுத்தறியாத தந்தையார், தோணி புறப்படும் அவசரத்தில், அதை மடித்துக்கொண்டுபோய்ப் பள்ளியிற் கொடுத்துவிட்டார். "ஏழு வயசா இவனுக்கு? காத்தடிச்சா பறந்துருவான் போலிருக்கே!" என்று தலைமையாசிரியர் அன்று கேட்டதைத் தந்தையார் வேடிக்கையாகச் சொல்வதுண்டு. அண்ணனுக்கு அப்போது வயது ஐந்தே.

அம்மாவிடம் கேட்டோம். "தெரிஞ்சி என்ன செய்யப்போறிய?" என்று மட்டும் சொல்லிச் செபமாலையைக் கையில் எடுத்துக்கொண்டார்.

வழக்குத் தூத்துக்குடி நீதிமன்றத்தில் நடந்தது. மூத்த குழந்தை இறந்த ஆண்டின் அடக்கப் பதிவேட்டைக் கறையான் தின்றிருந்தது. தந்தையாரும் முன்பே மறைந்துவிட்டதால், எண்பதைக் கடந்த அம்மாவே சாட்சிக் கூண்டேற வேண்டியதாயிற்று. நிறுவனத்தின் வழக்கறிஞர் கேட்டார்:

"மூத்த பிள்ளை இறந்துபோனதுக்கு என்ன ஆதாரம் இருக்கும்மா?"

"பெத்தவ நிக்கேம்லா, ஐயா."

"அப்படி ஒரு பிள்ளையே பிறக்கலைன்னு நான் சொல்றேன். பேரு ஒண்ணு, பிள்ளையும் ஒண்ணுதானே?"

அம்மா கூண்டின் கம்பியைப் பற்றிக்கொண்டார்.

"பேரு ஒண்ணுதான்யா. தொட்டில்ல கெடந்தது ரெண்டு பேரு. மூத்தவனுக்கு எட்டு மாசம். கீழ ரெண்டு பல்லு மொளச்சிருந்துச்சு. அவுக அப்பா தோணியில இருந்து வாரதுக்குள்ள காய்ச்சல்ல போயிட்டான். அந்தப் பல்ல அவுக பாக்கவே இல்ல."

நிறுவனத்தின் வழக்கறிஞர் தம் இருக்கைக்குத் திரும்பினார்.

தீர்ப்பு வந்தது. சிலுவைத் திருநாளுக்கு மறுநாளே அண்ணன் பிறந்த நாள் என நீதிமன்றம் ஏற்றது. ஆனால், பணியேற்ற தொடக்க ஆண்டுகளிலேயே கோரியிருக்க வேண்டிய திருத்தத்தை இறுதியாண்டிற் கோரியதால், பணிப்பதிவேட்டை மாற்ற ஆணையிட இயலாது என்று முடித்தது. மேல்முறையீட்டுக்கு இடமுண்டு என்றார் எங்கள் வழக்கறிஞர். அண்ணன், தாழ்வாரத்து விசுப்பலகையில் அமர்ந்திருந்த அம்மாவைப் பார்த்தார்.

"வேண்டாம் சார். மேல போனா, அப்படி ஒரு பிள்ளையே இல்லன்னு மறுபடியும் சொல்லுவாங்க. அதை எங்கம்மா கேக்க வேண்டாம். அந்த ரெண்டு வருசம் அவன் பேர்லயே இருக்கட்டும்."

எனக்கு அம்முடிவு உவப்பாக இல்லை. மகள் படிப்பு என்னாவது என்று பேருந்தில் வழியெல்லாம் கடிந்துகொண்டு வந்தேன். "ஏளா, கிரேன்தான போச்சு? கை இருக்குல்லா" என்றார். சொன்னபடியே, ஓய்வுக்குப் பின் இரண்டாண்டு உப்பளத்து வெயிலில் நின்று மூட்டை எடைபோடும் பணி செய்தார். மகள் படித்து முடித்தாள். இறுதி நாள்களில், மூச்சுத் திணறிக் கிடந்த தந்தைக்கு இரவும் பகலும் பணிவிடை செய்த செவிலி அவளே.

தீர்ப்பு வந்த அவ்வாண்டுக் கார்த்திகையில் அம்மா, கல்லறைத் தோட்டத்து மேற்குச் சுவரோரம் சிலுவைகூட இல்லாத ஒரு மணற்றிட்டை முதன்முறையாக எங்களுக்குக் காட்டினார். ஆண்டுதோறும் அந்நாளில் அண்ணன் அங்கே மெழுகுதிரி ஏற்றினார். அம்மா மறைந்த பின்னும் அதை நிறுத்தவில்லை. மருத்துவமனையில், பிறந்த நாளைக் கேட்டு எழுதவந்த பெண்ணிடம், "எந்தப் பொறந்த நாள் வேணும், தாயி?" என்று சிரித்தவர், அவள் போனபின் என்னிடம் திரும்பி, "கல்லுல ரெண்டையும் போட்டுரு" என்றார்.

பதிவேட்டைத் தேடித் தந்த பங்குத்தந்தைக்கும், எங்களுக்காக வாதாடிய வழக்கறிஞருக்கும், பெட்டியைத் தோள்மாற்றிச் சுமந்துவந்த துறைமுகத் தோழர்களுக்கும், துயரத்தில் உடனிருந்த ஊராருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி என்றும் உரியது. கல் வெட்டிய இளைஞருக்கும் கடமைப்பட்டுள்ளேன். "அக்கா, ஒரு ஆளுக்கு எப்படி ரெண்டு பொறந்த நாளு? தப்பா எழுதித் தந்திருக்கிய. வெட்டுனா அழிக்க முடியாது, பாத்துக்கிடுங்க" என்று அவர் எச்சரித்தார். அழிக்க வேண்டா என்று சொல்லி, நடந்தவற்றைக் கூறினேன். மறுவாரம் சென்று பார்த்தபோது, நாங்கள் கேளாமலே, கார்த்திகை நாளுக்கு மேலே ஒரு சிறு சிலுவை வெட்டியிருந்தார்.