ஒரு கட்டம் மேலே

ரமேஷ் ஜமுனாமரத்தூரில் டூவீலர் மெக்கானிக். செல்போனில் வீடியோ பார்த்தே கிடார் கற்றுக்கொண்டவன். பஜனைக் குழுவின் ஆர்மோனியம் பழுதானபின் சுருதிக்கு அவன் கிடார்தான். முதல் குரல் சாந்தம்மாளுடையது. ஐம்பதைத் தாண்டியவர், சொந்த நிலத்தில் சாமை விதைப்பவர். கனத்த, தாழ்ந்த குரல். அவர் பாட, மற்றவர்கள் திருப்பிப் பாடுவார்கள்.

ரமேஷின் மகள் அருணா பத்தாவது படிக்கிறாள். மெல்லிய, உயர்ந்த குரல். "நான் எப்பப்பா முன்னாடி பாடுறது?" என்று நச்சரித்துக்கொண்டே இருந்தாள். சாந்தம்மாளிடம் கேட்க ரமேஷுக்கு வாய் வரவில்லை. வேறு வழி தோன்றியது.

கிடாரின் கழுத்து நெடுக, கம்பிகளுக்கு அடியில் கட்டங்கள் இருக்கும். ஒரு கட்டத்தில் கிளிப்பை மாட்டினால் கம்பிகள் அந்த இடத்தில் அழுந்தும். மிச்சமுள்ள நீளம் மட்டுமே அதிரும். நீளம் குறையக் குறைய சுருதி ஏறும். சாந்தம்மாளுக்கு அவன் கிளிப்பே மாட்டியதில்லை. புரட்டாசி முதல் சனிக்கிழமை பஜனையில் முதல் கட்டத்தில் மாட்டினான். யாருக்கும் தெரியவில்லை. அடுத்த சனிக்கிழமை ஒரு கட்டம் மேலே. அதற்கடுத்து இன்னும் ஒன்று. அன்று கிடாரை நம்பிக் குரலெடுத்த சாந்தம்மாளுக்கு உச்ச அடியில் தொண்டை கீறி நின்றுபோனது. பின்னால் யாரோ சிரித்தார்கள். அந்த அடியை அருணா பிடித்து முடித்தாள்.

"தொண்ட போச்சு ரமேசு. வயசாய்டுச்சில்ல" என்றார் சாந்தம்மாள். அவன் கிடாரை உறைக்குள் வைத்தான்.

பிறகு அவர் பஜனைக்கு வரவில்லை. அருணாவை ஊரே மெச்சியது. ரமேஷால் மகள் பாடும்போது அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

ஒருநாள் வண்டி விட வந்த சந்திரன், சாந்தம்மாளின் பக்கத்து வீட்டுக்காரர், சொன்னார்: "அந்தம்மா திருப்பத்தூர் போயி தொண்ட டாக்டரப் பாத்துட்டு வந்துச்சுப்பா. ஒண்ணுமில்லன்னுட்டாராம். நம்ப மாட்டேங்குது. வூட்லகூட இப்ப பாடறதில்ல."

ரமேஷுக்கு வேலை ஓடவில்லை. கடையைச் சாத்திவிட்டுக் கிடாரோடு கிளம்பினான். சாந்தம்மாள் வாசலில் புளி தட்டிக்கொண்டிருந்தார்.

"அக்கா, உங்க தொண்டைக்கு ஒண்ணும் ஆவல. நான்தான் சுருதிய ஏத்திட்டேன். வேணும்னேதான்."

"இன்னாத்துக்குடா?"

"அருணா பாடணும்னு."

அவர் புளியை ஒதுக்கிவைத்தார். பிறகு, "பழையபடி வாசி" என்றார். கிளிப் இல்லாமல் வாசித்தான். தொண்டையில் கைவைத்து முதலில் பயந்து பயந்து எடுத்தவர், அந்த உச்ச அடியைச் சிரமமில்லாமல் தொட்டார். பாட்டு முடிந்தும் தொண்டையிலிருந்து கையை எடுக்கவில்லை.

"கேட்டிருந்தா பாதி பாட்டு குடுத்திருப்பனே. டாக்டர் சொன்னதக்கூட நான் நம்பலியேடா."

"தப்புதாங்க்கா."

அவர் மறுபடி புளி தட்டத் தொடங்கினார். அடுத்த சனிக்கிழமை பஜனைக்கு வந்தார். இப்போது அவரும் அருணாவும் மாறி மாறிப் பாடுகிறார்கள். அருணாவின் முறைக்குக் கிளிப்பை மாட்டி, சாந்தம்மாள் முறைக்குக் கழற்றுகிறான். ஆனால் அவர் வாய் திறக்குமுன் குனிந்து கிடாரின் கழுத்தை ஒருமுறை பார்த்துக்கொள்கிறார்.

"அத்தை ஏம்பா அப்டிப் பாக்குறாங்க?" என்று அருணா கேட்டாள்.

"சும்மாதான்" என்றான் ரமேஷ்.