அக்காவின் கழுத்துப்பட்டி

நாங்கள் குடியேறிய நகரத்தின் பக்குரங்காப் பகுதியில், இயக்குநர் வீட்டுக் கராஜில், பனிக்காற்றுக்கு ஒலி சேர்த்துக்கொண்டிருந்த ஒரு மத்தியானம். நூறாண்டுக்கு முன் தென்துருவம் நோக்கிப் போன ஜப்பானியரைப் பற்றிய ஆவணப்படம். படம் அவருடையது, ஒலி என்னுடையது. திரும்பும்போது கடல் கொந்தளிக்க, இழுவை நாய்களில் பெரும்பாலானவற்றைப் பனியிலேயே விட்டுவிட்டுக் கப்பலேறினார்களாம். அந்த இடத்தில் என் கை நின்றுவிட்டது. "என்னாச்சு உங்களுக்கு?" என்றார். தமிழ்நாட்டுப் பெண்மணி, மூன்று வருடம் ஒன்றாக வேலை செய்தவர், அன்பாகத்தான் கேட்டார். எவரிடமும் சொல்லாததை அவரிடம் சொல்லித் தொலைத்தேன்.

யாழ்ப்பாணத்தை விட்டு ஓடிய அன்று வள்ளத்தில் நாய்க்கு இடமில்லை. அது அக்காவின் நாய். அக்கா அம்மாவுடன் முன்னே போய்விட்டாள். நாய் பின்னால் ஓடிவரப் பார்த்தது. அவசரத்துக்குக் கயிறு கிடைக்காமல், அக்கா 'ரை' என்று சொல்லும் தன் பள்ளிக்கூடக் கழுத்துப்பட்டியால் அதை முருங்கையில் கட்டினேன். முடிச்சுப் போடும்போது என் கையை நக்கியது. ஷெல் சத்தத்துக்குப் பயந்து நாய் ஓடிவிட்டது என்று அக்காவிடம் சொன்னேன். அவளும் நம்பினாள்.

படத்தை முதன்முதலாக நகரத்துத் தியேட்டரில் காட்டியபோது அக்காவைப் பெருமையோடு கூட்டிப்போனேன். பின்னணிக் குரலை மட்டும் இயக்குநர் எனக்குத் தெரியாமல் வேறிடத்தில் சேர்த்திருந்தார். நாய்களைப் பார்த்துக்கொண்டவனின் நாட்குறிப்பு என்று அந்தக் குரல் ஆங்கிலத்தில் வாசித்தது: "கயிறு கிடைக்கவில்லை. என் அக்காவின் இடுப்புப்பட்டியால் கட்டினேன். முடிச்சுப் போடும்போது என் கையை நக்கியது." அப்படியொரு நாட்குறிப்பே கிடையாது. தென்துருவத்தில் அக்காவின் இடுப்புப்பட்டிக்கு என்ன வேலை என்றுகூட அம்மையார் யோசிக்கவில்லை.

வாசலில் மறித்துக் கேட்டேன்.

"உங்க பேரை எங்கயும் போடலையே. யாருக்குத் தெரியப்போகுது?" என்றார்.

தெரியக்கூடாத ஒரே ஆள் என் பக்கத்தில் நின்றிருந்தாள்.

காரில் அவரை மனதுக்குள் திட்டிக்கொண்டே வந்தேன். நம்பவைத்துக் கழுத்தறுத்தவர் என்று திட்டியபோது, அது எனக்கும் அளவாகப் பொருந்தியது. இன்றுவரை அவரோடு பேச்சில்லை. சான்ட்ரிங்ஹாமில் அக்காவின் வீட்டு வாசலில் காரை நிறுத்திய பிறகுதான் அவள் கேட்டாள்.

"முகாமில அந்த ரையை எவ்வளவு தேடினனான் தெரியுமே?"

அவள் காரின் கதவைத் திறக்காமல் அப்படியே இருந்தாள்.

"இழுத்தா அவிழுற மாதிரித்தானே கட்டினனீ?"

"ஓம் அக்கா" என்றேன்.

இரட்டை முடிச்சுப் போட்டிருந்தேன்.