அங்கோர் வாட்டில் அம்மா வலம் வந்த காலை

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பேய், ஆவி, கனவில் வந்து சொன்னது, இவற்றில் எதிலும் எனக்கு நம்பிக்கை இருந்ததில்லை. சிட்னியில் வெஸ்ட்மீட் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பது என் வேலை. படத்தில் தெரிந்தால் உண்டு, தெரியாவிட்டால் இன்னொரு கோணத்தில் எடுத்துப் பார்ப்பேன், அவ்வளவுதான் என் பக்தி. ஒவ்வொரு படத்திலும் இடமா வலமா என்று காட்ட ஒரு சின்ன ஈய எழுத்து வைப்போம், அதை வைக்காமல் ஒரு விரலைக்கூட நான் படமெடுத்ததில்லை. இதை ஏன் சொல்கிறேன் என்றால், நான் சொல்லப்போகும் விஷயத்தில் எது இடம் எது வலம் என்பது முக்கியம். குழப்பிக்கொண்டாய் என்று பிறகு நீங்கள் சொல்லக் கூடாது.

அண்ணாவில் இருந்து தொடங்க வேண்டும். 1990இல் வெளிநாடு போகும் அலுவலாக யாழ்ப்பாணத்தில் இருந்து கொழும்புக்குப் போனவர், தங்கியிருந்த லொட்ஜில் இருந்து ஒரு காலை கடைக்கென்று இறங்கினார், திரும்பி வரவில்லை. அவருக்குப் பத்தொன்பது வயது, எனக்குப் பதினொன்று. பிறகு நாங்கள் சிட்னிக்கு வந்து, வென்ட்வேர்த்வில்லில் வீடு எடுத்து, நான் படித்து வேலைக்கும் போய்விட்டேன், அண்ணாவுக்கு மட்டும் ஒரு கிரியையும் நடக்கவில்லை. அப்பா செய்ய வேண்டும் என்பார், அம்மா கூடாது என்பார். 2007இல் அப்பாவின் இதயத்தைத் திறந்து அறுவைச் சிகிச்சை செய்ய வேண்டும் என்று டொக்டர்கள் சொன்ன பிறகு இந்தப் பேச்சு தினமும் சாப்பாட்டு மேசைக்கு வந்தது.

"நான் ஒப்பரேசன் மேசையில போய்ப் படுக்க முந்தி, என்ர பிள்ளைக்கு என்ர கையால செய்துபோட வேணும்," என்பார் அப்பா.

"செய்துபோட்டு, பிறகு அவன் வாசலில வந்து நிண்டா? என்ன சொல்லுவியள், உனக்கு எள்ளும் தண்ணியும் விட்டாச்சு, திரும்பிப் போ எண்டோ?"

அப்பா மாத்திரையை விழுங்கிவிட்டு எழுந்துபோவார். சிகிச்சைக்கு முன் யாராவது ஒருவர் விட்டுக்கொடுக்க வேண்டும், இல்லாவிட்டால் அப்பா அந்தக் கவலையோடுதான் மயக்க மருந்துக்குப் போவார், நடுவில் நான்.

அந்த நேரத்தில்தான் நாதன் அங்கிள் கம்போடியாப் பயணத்தைப் பற்றிச் சொன்னார். மலேசியாக்காரர், எங்களுக்குப் பக்கத்து ஊரான ஹரிஸ் பார்க்கில் இருப்பவர், ஓய்வு பெற்ற பிறகு வருடத்துக்கு ஒருமுறை தெரிந்தவர்களைச் சேர்த்துக்கொண்டு எங்கேயாவது கோயில் பார்க்கப் போவார். "அக்கா, அங்கோர் வாட்னா சும்மா இல்ல, பெருமாள் கோயில், கெமர் ராஜா கட்டுனது. நீங்க வந்து நின்னா போதும், சாப்பாடு நான் பார்த்துக்கறேன்," என்றார் அம்மாவிடம். அவ்வளவு பெரிய கோயிலில் மகனுக்காக ஒருமுறை கும்பிட வேண்டும் என்று அம்மாவுக்கு ஆசை வந்துவிட்டது. அப்பாவைப் பார்த்துக்கொள்ள மாமி வீட்டில் வந்து நின்றார், நான் அம்மாவோடு போனேன். ஒரு வாரமாவது அந்தச் சாப்பாட்டு மேசைக்கு ஓய்வு கிடைக்கட்டும் என்று நினைத்தேன்.

எங்களுக்கு வழிகாட்டியாக வந்தவர் பெயர் சொக்கா. ஐம்பது வயது இருக்கும், நல்ல ஆங்கிலம், சிரித்த முகம். நாதன் அங்கிள் முதல் நாளே அவரைச் சொக்கநாதர் ஆக்கிவிட்டார். எனக்கு அந்த ஆளைப் பிடிக்கவில்லை. எங்களை ஏற்றிப்போன வானில் எல்லோரிடமும் குடும்பம் பற்றி விசாரித்தார், எத்தனை பிள்ளைகள், எங்கே இருக்கிறார்கள் என்று. அம்மாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, தன் தமையன் எழுபதுகளில் நாட்டில் படுகொலைகள் நடந்த கொடுமையான காலத்தில் காணாமல் போனவர்தான் என்று சொன்னார். பின் சீட்டில் இருந்த எனக்கு இது கேட்டது. அம்மா தன் உடைந்த ஆங்கிலத்தில் என்ன பதில் சொன்னார் என்பது கேட்கவில்லை. தன் துக்கத்தைச் சொல்லி அடுத்தவர் துக்கத்தை வெளியே எடுப்பது ஒரு வழி, அதன் பிறகு பூசை, பரிகாரம், தெரிந்த சாமியார் என்று வரும், இதெல்லாம் எனக்குத் தெரியாததா என்று நினைத்துக்கொண்டேன். அன்றிலிருந்து அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அங்கோர் வாட்டுக்குப் போனது மூன்றாம் நாள் காலை. நல்ல வெயில். நம்பினால் நம்புங்கள், மேகம்கூட இல்லை, இப்படிப்பட்ட கதைகளில் வரும் இருட்டு, காற்று எதுவும் இல்லை. கோயிலைச் சுற்றி ஒரு நீண்ட மண்டபம் ஓடுகிறது, உள்சுவர் முழுக்கச் சிற்பம், வெளிப்பக்கம் தூண்கள், அதற்கு அப்பால் புல்தரை. மேற்கு வாசலால் ஏறியதும் சொக்கா எங்களை வலது கைப்பக்கம் திருப்பினார். அம்மா அப்படியே நின்றுவிட்டார்.

"இந்தப் பக்கம் போனா சாமி இடது பக்கமெல்லோ வரும்," என்றார்.

நான் சொக்காவிடம் கேட்டேன். அவர், ஆம், இங்கே சிற்பக் கதைகள் அப்படித்தான் ஓடுகின்றன, இது ராஜாவின் இறப்போடு சேர்த்துக் கட்டிய கோயில் என்று சில அறிஞர்கள் சொல்வார்கள், அதனால்தான் இறந்தவருக்குரிய திசையில் சுற்றுகிறோம் என்றார். அதை அப்படியே மொழிபெயர்த்தது என் முட்டாள்தனம்.

"இடமாச் சுத்துறது சுடலையிலதான். நான் வரமாட்டன். நீங்கள் போய்க் கதையைக் கேளுங்கோ, நான் முறையா வலம் வாறன்."

"என்னா அக்கா, ஒன் வேயில ரிவர்ஸ் எடுக்கறீங்க, போலீஸ் புடிச்சிடும்," என்றார் நாதன் அங்கிள்.

"பிடிச்சா நீங்கள் வந்து பிணை எடுங்கோ," என்றுவிட்டு அம்மா இடது பக்கம் நடந்தார். மஞ்சள் சேலை, கையில் வெள்ளைக் குடை. நான் கூடப் போகவில்லை. ஒரே மண்டபம், அவர் அந்தப் பக்கத்தால் வந்தால் பாதி வழியில் எதிரே வந்துதான் ஆக வேண்டும், தொலைய வழியில்லை என்று கணக்குப் போட்டேன். அதோடு, சொக்காவைக் கண்ணில் இருந்து விட எனக்கு மனமில்லை.

நாங்கள் மெதுவாகப் போனோம். குருக்ஷேத்திரப் போர், பிறகு ராஜாவின் ஊர்வலம், பிறகு தெற்குப் பக்கத்தில் சொர்க்கமும் நரகமும். எருமை மேல் பல கைகளோடு யமன். நாதன் அங்கிள் அங்கே நின்று தொப்பியைக் கழற்றி, யமனுக்கு ஒரு சலாம் போட்டு, "ஐயா, நான் டூர்ல வந்திருக்கேன், லீவுல இருக்கேன், அடுத்த வருஷம் பாக்கலாம்," என்றார். எல்லோரும் சிரித்தோம். அங்கே மற்றப் பயணிகள் அதிகம் இல்லை. அம்மா இன்னும் வரவில்லையே என்று நான் முன்னால் பார்த்தேன், நேரான மண்டபம், கடைசி வரை தெரிந்தது, அம்மா இல்லை. கால் வலித்து எங்கேயோ உட்கார்ந்திருப்பார் என்று நினைத்தேன்.

அந்தப் பகுதி முடியும் மூலையில் சொக்கா நின்றார். மற்றவர்களையும் நிற்கச் சொல்லி, பின்னால் பார்த்து, இன்னும் ஒருவர் வர வேண்டும் என்றார். அது என் அம்மா, அவர் எதிர்ப்பக்கத்தால் வருகிறார் என்றேன். இல்லை, அம்மா இல்லை, உங்களுக்குப் பின்னால் வந்தவர் என்றார். நான் திரும்பிப் பார்க்கவில்லை. இதோ தொடங்குகிறான் என்றுதான் பட்டது. எல்லோரும் இங்கே இருக்கிறோம், போகலாம் என்று கொஞ்சம் கடுமையாகவே சொன்னேன். அவர் தோளைக் குலுக்கிவிட்டு நடந்தார்.

கிழக்கும் வடக்கும் சுற்றி, திரும்ப மேற்கு வாசலுக்கு வரும் வரை அம்மா எதிரே வரவில்லை. வாசல் படியில் உட்கார்ந்திருந்தார், குடையை மடித்து மடியில் வைத்துக்கொண்டு.

"எங்கயம்மா போனீங்கள்? முழுக்கச் சுத்தேல்லையோ?"

"சுத்தினனான். உங்களையும் கண்டனான்தானே. யமன் இருக்கிற இடத்தில. நாதன் தொப்பியைக் கழட்டி லீவு கேட்டுக்கொண்டு நிண்டார். நீங்கள் ஒருத்தரும் என்னைப் பாக்கேல்ல."

அம்மா என் கையைப் பிடித்துப் பக்கத்தில் இருத்தினார். கடையில் யாரையோ கண்டதைச் சொல்வதுபோலத்தான் சொன்னார்.

"கடைசியா அண்ணா வந்தவன். உனக்குப் பின்னால. என்னைத் தாண்டிப் போனான்."

"கூப்பிட்டீங்களோ?"

"இல்லை. அந்தப் பக்கமாப் போறவையைக் கூப்பிடக் கூடாது."

நீங்கள் இப்போது என்ன நினைக்கிறீர்கள் என்று தெரியும், நானும் அதையேதான் நினைத்தேன். மத்தியானம் எல்லோரும் சாப்பிடப் போனபோது நான் மட்டும் திரும்பி அந்த மண்டபத்துக்குப் போனேன். அம்மா எங்களுக்கு முன்பே வந்து ஒரு தூணுக்குப் பின்னால் நின்றிருந்தால்? ஓர் ஆள் மறையக்கூடிய அகலம் தூண்களுக்கு இருந்தது, ஆனால் முழங்கால் வலியோடு அறுபது வயதுப் பெண் எதற்காக ஒளிய வேண்டும். நாதன் அங்கிள் யமனிடம் லீவு கேட்ட பகிடியை யாராவது அவருக்குச் சொல்லியிருந்தால்? எங்களுக்கு முன் வாசலுக்கு ஒருவரும் திரும்பவில்லை. அண்ணாவைப் பற்றி நாதன் அங்கிள் சொக்காவிடம் சொல்லியிருந்தால்? கேட்டேன். "எனக்கே தெரியாதேம்மா, உனக்கு ஒரு அண்ணன் இருந்தாரா?" என்றார், அவர் முகத்தைப் பார்த்தால் பொய் இல்லை. மிஞ்சியது வான் சீட்டில் அம்மாவும் சொக்காவும் பேசியதுதான். புறப்படும் நாளன்று விமான நிலையத்தில் வைத்து சொக்காவை நேரடியாகவே கேட்டேன், என் அண்ணாவைப் பற்றி அம்மா உங்களிடம் என்ன சொன்னார் என்று. அண்ணாவா, எனக்கு ஒன்றும் சொல்லவில்லையே, என் கதையைக் கேட்டுவிட்டுக் கையைப் பிடித்தார், அவ்வளவுதான் என்றார். அப்படியானால் பின்னால் வந்ததாகச் சொன்னது யாரை என்றேன். உங்கள் ஆட்களைப் போல இருந்தார், உங்கள் குழு என்று நினைத்தேன் என்றார். எப்படி இருந்தார் என்று நான் கேட்கவில்லை. நான் கேட்கக் கேட்க அவர் கதையை வளர்ப்பார் என்று சந்தேகம். கேட்டிருக்க வேண்டும்.

சிட்னிக்கு வந்த அன்றே, பெட்டியைக்கூடத் திறக்காமல், அம்மா அப்பாவிடம் போய், "செய்வம். ஐயரைக் கேளுங்கோ," என்றார். அப்பா வெளியே போய் ஏற்கெனவே மழையில் நனைந்திருந்த கறிவேப்பிலைக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டு நின்றார்.

உடம்பு கிடைக்காதவர்களுக்குச் செய்வதுபோல ஐயர் தர்ப்பையில் ஓர் உருவம் முடைந்து தந்தார். அப்பா தன் கையாலேயே அதற்கு நெருப்பு வைத்தார், சாம்பலைக் கடலில் கரைத்தோம். அம்மா அழவில்லை. என் பங்குக்கு நான் ஒரு முடிவுக்கு வந்திருந்தேன். அம்மா எதையும் காணவில்லை, அப்பாவுக்காக விட்டுக்கொடுக்க ஒரு காரணம் தேவைப்பட்டது, அதை அவரே உண்டாக்கிக்கொண்டார் என்று. பகிடி விஷயம் மட்டும் அதில் பொருந்தவில்லை, பரவாயில்லை என்று விட்டுவிட்டேன். சிகிச்சை நல்லபடியாக முடிந்தது, அப்பா தேறினார், சாப்பாட்டு மேசையில் கிரிக்கெட் பேசினார்கள்.

இத்தோடு முடிந்திருந்தால் நான் இதை எழுதியே இருக்க மாட்டேன்.

நாலைந்து மாதம் கழித்து ஒரு சனிக்கிழமை. அப்பா தலைமுடி வெட்டிவிட்டு வந்தார். அம்மா குசினியில் பயற்றங்காய் முறித்துக்கொண்டிருந்தார், நான் தேத்தண்ணி போட்டுக்கொண்டிருந்தேன். அப்பா உடுப்பு மாற்ற உள்ளே போனதும் அம்மா சொன்னார்.

"அவனுக்கும் இந்த மனுசனைப் போலத்தான். காதடியில எல்லாம் நரைச்சுப் போச்சு, பாவம்."

"ஆருக்கு?"

"அண்ணாவுக்கு. அண்டைக்கு அங்க கண்டனான் எல்லோ. வயிறும் கொஞ்சம் வைச்சிருந்தது."

கேத்தில் கொதித்து நின்றது, நான் தண்ணீரை ஊற்றவில்லை. அண்ணா வீட்டை விட்டுப் போகும்போது தலை கன்னங்கரேலென்று இருந்தது, ஆள் மெலிந்த ஆள். இறந்தவர்களுக்கு என்ன நடக்கும் என்பது எனக்குத் தெரியாது, அது என் துறை இல்லை. ஆனால் இறந்தவருக்கு வயது ஏறும் என்று யாரும் சொல்லி நான் கேள்விப்பட்டதில்லை. சொக்காவும் ஒரு ஆளைக் கண்டார். உயிரோடு இருக்கிற ஒரு மனிதரைக் கண்டிருந்தால் எப்படிச் சொல்வாரோ, அப்படித்தான் சொன்னார்.

"அம்மா," என்றேன், குரலைச் சாதாரணமாக வைத்துக்கொண்டு. "அவர் உங்களைத் தாண்டிப் போகேக்க சத்தம் ஏதும் கேட்டதோ?"

அம்மா யோசித்தார். "ஓம். செருப்புச் சத்தம் கேட்டது. ஏன் கேக்கிறாய்?"

"சும்மா கேட்டனான்."

அம்மா தலையாட்டிவிட்டு இன்னொரு பயற்றங்காயை எடுத்தார். அதை முறிக்கவில்லை, நான் தேத்தண்ணியைக் குடித்து முடிக்கும் வரை கையிலேயே வைத்திருந்தார். கம்போடியாவில் பயண நிறுவனத்தார் தந்த தொலைபேசி எண்ணுக்கு அந்த வாரமே எடுத்துப் பார்த்தேன், சொக்கா இப்போது அங்கே வேலை செய்வதில்லை என்றார்கள், வேறு ஒன்றும் தெரியாதாம்.

அந்தச் சனிக்கிழமைக்கு மறுநாள் காலை சாமியறையில் அண்ணாவின் படத்தில் மாலை இல்லை. அப்பா பார்த்துவிட்டு ஏன் என்று கேட்டார். வாடிப்போச்சு, எடுத்துப்போட்டன் என்றார் அம்மா, சாம்பிராணித் தட்டைத் துடைத்தபடி. அப்பா சரி என்று போய்விட்டார். கிரியை முடிந்த அன்று அந்த மாலையை ஹரிஸ் பார்க்கில் வாங்கிக்கொண்டு வந்தது நான்தான். அது பிளாஸ்டிக் மாலை.