பதிவாகிற போனில் கேட்ட கேள்வி

ஜெர்சனின் குரல் மட்டும்தான் பவதாரிணிக்குத் தெரியும். ஆள் நெட்டையா குட்டையா, மீசை வைத்தவனா மழித்தவனா, ஒன்றும் தெரியாது. அவனுக்கும் அப்படித்தான். ஆனால் டியூட்டி ஒன்றாக அமைந்த நாளெல்லாம் இரண்டு பேரும் பேசிக்கொண்டே இருப்பார்கள். என்ன பேச்சு என்று கேட்டால் சிரிப்பு வரும்.

"ரெண்டாம் நம்பர் பிரேக்கரைத் திறக்கணும்."

"ரெண்டாம் நம்பர் பிரேக்கரைத் திறக்கணும். சரியா மேடம்?"

"சரி."

அவ்வளவுதான். சொன்னதைச் சொன்னபடியே திருப்பிச் சொல்ல வேண்டும். சொன்னவர் 'சரி' என்ற பிறகுதான் பிரேக்கர் என்கிற அந்தப் பெரிய சுவிட்சில் கையை வைக்க வேண்டும். அந்த வேலையின் சட்டம் அது. ஓர் எண்ணைத் தப்பாகக் காதில் வாங்கினால் எங்கோ மின்கோபுரத்தின் மேல் நிற்கிறவன் உயிர் போய்விடும். அதனால் பேச்சு மொத்தமும் பதிவாகும்.

பவதாரிணி மதுரையில் ஒரு மின் கட்டுப்பாட்டு அறையில் உதவிப் பொறியாளர். ஜெர்சன் தெற்கே காற்றாலைக் காட்டுக்கு நடுவில் ஒரு துணைமின் நிலையத்தில் ஆபரேட்டர். அங்கே சுற்றுகிற காற்றாடிகளின் மின்சாரமெல்லாம் அவன் நிலையத்தில் வந்து சேர்ந்து, கோபுரங்களின் மேல் ஏறி, மதுரையைப் பார்க்கப் புறப்படும். எந்தக் கோபுர வரிசையில் எவ்வளவு ஓடுகிறது, எது தாங்கும், எது திணறும் என்பதெல்லாம் பவதாரிணிக்கு முன்னால் சுவர் அகலத் திரையில் கோடு கோடாகத் தெரியும். அதன் மூலையில் அதிர்வெண் என்று ஓர் எண் துள்ளிக்கொண்டே இருக்கும். ஐம்பதுக்குக் கொஞ்சம் மேலே, ஐம்பதுக்குக் கொஞ்சம் கீழே. அம்பாரமாகக் குவித்து வைத்துக்கொண்டு அள்ளி அள்ளிக் கொடுக்க மின்சாரம் என்ன நெல்லா? செலவாகிற நொடியிலேயே உண்டாகியும் வர வேண்டும். செலவு மிஞ்சினால் எண் இறங்கும்; வரத்து மிஞ்சினால் ஏறும். நாடெங்கும் இருக்கிற கட்டுப்பாட்டு அறைகள் எல்லாம் சேர்ந்து அந்த எண்ணை ஐம்பதை விட்டு ஓடிவிடாமல் பிடித்து வைத்திருக்கின்றன.

வேலைக்குச் சேர்ந்த அன்று இதைக் கேட்டு அவளுக்குத் தலை கிறுகிறுத்தது. காஷ்மீரில் ஒருவர் ஹீட்டர் போட்டால்கூட அந்த எண் அசையும் என்றார்கள். வீட்டுக்குப் போனதும் அப்பா சோணைமுத்துவிடம் ஓடிப்போய்ச் சொன்னாள்.

"அப்ப நம்ம சுவிச்சைத் தட்டுனா காஷ்மீருக்குத் தெரியுமாத்தா?"

"தெரியும்ப்பா. துளியூண்டு."

அவர் எழுந்து போய் டியூப்லைட்டை இரண்டு தரம் அணைத்துப் போட்டார். பிறகு திருப்தியாக வந்து உட்கார்ந்தார்.

சோணைமுத்துவும் தங்கப்பொண்ணும் ஒத்தக்கடையிலிருந்து உள்ளே தள்ளி ஓர் ஊர்க்காரர்கள். அடுத்தவர் வயலில் நாற்று நட்டும் கதிர் அறுத்தும் பாதி வயசைக் கழித்துவிட்டு, பிறகு ஒரு துண்டு நிலம் வாங்கி மல்லிகை போட்டார்கள். மகளை மேலூர் ரோட்டுப் பொறியியல் கல்லூரிக்கு டவுன் பஸ்ஸில் அனுப்பினார்கள். அவள் பரீட்சை எழுதி கரண்ட் வேலைக்குப் போனதிலிருந்து ஊரில் ஒரே தொல்லை. தெருவில் விளக்கு அணைந்தால் போதும், "ஏத்தா தங்கப்பொண்ணு, ஒம் மகளுக்கு ஒரு போனைப் போடு" என்று வாசலில் கூட்டம் கூடிவிடும். தெரு டிரான்ஸ்பார்மர் வேறு ஆட்கள் கையில், தன் கையில் இருப்பது ஊருக்கு ஊர் போகிற பெரிய லைன்கள் மட்டும் என்று பவதாரிணி சொல்லிச் சொல்லி வாய் ஓய்ந்தாள். ஒருத்தரும் நம்பவில்லை.

ஜெர்சனின் குரல் அவளுக்குப் பிடித்துப்போனதற்குக் காரணம் ஆனி, ஆடிக் காற்று. காற்றுக் காலத்தில் கட்டுப்பாட்டு அறைக்கு மூச்சு விட நேரம் இருக்காது. வானிலைக் கணிப்பு ஒன்று சொல்லும், காற்று ஒன்று செய்யும். ஜெர்சனோ உத்தரவையெல்லாம் முடித்த பிறகு போகிற போக்கில் ஒரு வார்த்தை சேர்ப்பான்.

"மேடம், இங்க காயப்போட்ட சட்டை வேலியத் தாண்டிப் போயிருச்சு. பாத்துக்கங்க."

கொஞ்ச நேரத்தில் திரையில் காற்று மின்சாரம் கிடுகிடுவென ஏறும். அவள் தயாராக இருப்பாள். இப்படியே ஒன்றரை வருஷம் ஓடியது. அவன் வாட்ஸ்அப் படத்தில் ஒரு நாய் இருந்தது. அவள் படத்தில் ஒரு மல்லிகைச் செடி.

அப்படி ஓர் ஆனி மாதத்து நாளில் தெற்கேயிருந்து வரும் இரட்டை லைனில் ஒன்றைக் காலையிலேயே நிறுத்தி, கம்பியைத் தாங்கும் பழைய பீங்கான் வட்டுகளை மாற்ற எல்.சி. கொடுத்திருந்தார்கள். எல்.சி. என்றால், இந்த லைனில் மின்சாரம் இல்லை, தைரியமாக ஏறலாம் என்று துணைமின் நிலையம் எழுதிக் கொடுக்கும் உறுதி. ஏறியவர்கள் எல்லாம் இறங்கி அதைத் திருப்பிக் கொடுக்கும்வரை யாரும் அந்த லைனைத் தொடக்கூடாது.

சாயங்காலம் வர வேண்டிய காற்று மத்தியானச் சாப்பாட்டு நேரத்திலேயே வந்துவிட்டது. இரண்டு லைன் சுமக்க வேண்டியதை ஒற்றை லைன் சுமந்தது. திரையில் அதன் எண் மஞ்சளாகி, சிவப்பாகி, மின்ன ஆரம்பித்தது. அது தாங்காமல் தானாக அறுத்துக்கொண்டால் அத்தனை சுமையும் பக்கத்து லைன்கள் மேல் விழும். அவையும் ஒவ்வொன்றாக விழுந்தால் பாதித் தென்மாவட்டம் இருட்டு.

பவதாரிணி போனை எடுத்தாள். "ஜெர்சன் சார், ஆளுக எறங்கியாச்சா? லைன் வேணும்."

"எல்லாரும் எறங்கிட்டாங்க மேடம். சின்னச்சாமி அண்ணன் மட்டும் மேல இருக்காரு. காத்து அடிக்கிற அடியில எறங்க முடியல. கோபுரத்தக் கட்டிப்பிடிச்சு உக்காந்துட்டாராம்."

சென்னைத் தலைமை அறை இன்னொரு போனில் இருந்தது. "மதுரை, அந்த லைன் எப்ப வரும்?"

"மேல ஆள் இருக்கு சார். எப்பன்னு சொல்ல முடியாது. காத்தாலைகளக் குறைக்கணும்."

"எவ்வளவு?"

அவள் எண்ணைச் சொன்னாள். அந்தப் பக்கம் ஒரு பெருமூச்சு. சும்மா வருகிற காற்றை வேண்டாம் என்று சொல்ல யாருக்கும் மனசு வராது. குறைத்ததை வேறு எங்கிருந்தாவது அதே நொடியில் ஈடுகட்டவும் வேண்டும். "அணையில தண்ணி மிஷினை ஓட்டச் சொல்றேன். நீங்க ஒண்ணொண்ணா எறக்குங்க."

பிறகு நடந்ததைப் பக்கத்து நாற்காலிக்காரர்கள் இன்றைக்கும் சொல்வார்கள். அவள் ஒரு காற்றாலைத் தொகுப்பின் எண்ணைச் சொல்வாள், ஜெர்சன் திருப்பிச் சொல்வான், 'சரி' என்பாள், சிவப்பு எண் ஒரு படி இறங்கும். மூலையில் ஐம்பது தடுமாறிக் கீழே சாயும். அணையிலிருந்து தண்ணீர் மின்சாரம் ஏறி வந்து அதைத் தூக்கி நிறுத்தும். மறுபடி ஓர் எண், மறுபடி அந்தக் குரல், மறுபடி 'சரி'. கோலாட்டம் போல ஒரு தாளம் விழுந்துவிட்டது. பயத்தில் ஆரம்பித்த பவதாரிணி, நடுவிலேயே பயம் கழன்று விழ, நாற்காலியில் காலை ஆட்டிக்கொண்டு பேசினாள். சிவப்பு மஞ்சளானது. மஞ்சள் பச்சையானது.

ஒரு வழியாகக் காற்று அசந்த இடைவெளியில் சின்னச்சாமி இறங்கினார். முதல் வேலையாக டீ கேட்டாராம். எல்.சி. திரும்பி வந்தது. லைனில் மின்சாரம் ஏற்றச் சொன்னாள். திரையில் செத்துக் கிடந்த கோடு பளிச்சென்று உயிர் பெற்றது.

"லைன் நிக்குது மேடம்," என்றான் ஜெர்சன். அறுத்துக்கொள்ளாமல் தாங்குகிறது என்று அர்த்தம். அவன் குரலிலும் சிரிப்பு.

அந்த நிமிஷத்தில் பவதாரிணிக்கு என்ன வந்ததென்று அவளுக்கே தெரியாது. உடம்பெல்லாம் லேசாகி, மேஜையைப் பிடிக்காவிட்டால் பறந்துவிடுவோம் போல இருந்தது. வாய் தானாகப் பேசியது.

"என்னையக் கல்யாணம் பண்ணிக்கிறீங்களா?"

அந்தப் பக்கம், எத்தனையோ ஆயிரம் தடவை சொல்லிப் பழகிய நாக்கு, சொன்னதைச் சொன்னபடியே திருப்பிச் சொன்னது.

"என்னையக் கல்யாணம் பண்ணிக்கிறீங்களா? சரியா மேடம்?"

கேள்வி இப்போது அவனுடையதாகிவிட்டது.

"சரி," என்றாள் பவதாரிணி.

போனை வைத்த பிறகுதான் இரண்டு பேருக்கும் அது பதிவாகிற போன் என்று உறைத்தது.

பெரிய சம்பவம் என்றால் பதிவைப் போட்டுக் கேட்பார்கள். செயற்பொறியாளர் வெள்ளைத்துரை சிரித்து யாரும் பார்த்ததில்லை. கூட்ட அறையில் மேஜையைச் சுற்றி அதிகாரிகள், எதிர்ச் சுவரில் காணொளியில் சென்னைக்காரர்கள். ஒலிபெருக்கியில் ஒவ்வோர் உத்தரவாக வந்தது. எல்லோரும் தலையாட்டினார்கள். 'லைன் நிக்குது மேடம்' வந்தது. பவதாரிணி கண்ணை இறுக மூடிக்கொண்டாள். அடுத்தது வந்தது. அதற்கடுத்ததும் வந்தது. 'சரி' என்பதும் வந்தது.

வெள்ளைத்துரை பதிவை நிறுத்தினார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"திருப்பிச் சொல்ற முறையில தப்பு ஒண்ணும் இல்ல," என்றார்.

சென்னைப் பக்கம் யாரோ அடக்க முடியாமல் வெடித்தார்கள். அவ்வளவுதான், அறையே குலுங்கியது. வெள்ளைத்துரை மேஜையைத் தட்டினார். "சிரிக்காதீங்க. டியூட்டி போன்ல சொந்தப் பேச்சு பேசுனதுக்கு ரெண்டு பேருக்கும் மெமோ உண்டு." குனிந்து எழுதிக்கொண்டே கேட்டார்: "கல்யாணம் எப்ப?"

கல்யாணம் இருக்கட்டும், இன்னும் முகமே பார்க்கவில்லையே! போட்டோ அனுப்பக்கூடாது என்று இருவரும் பிடிவாதமாக இருந்தார்கள். மாட்டுத்தாவணி பூ மார்க்கெட் வாசலில் சந்திப்பதாக ஏற்பாடு. பவதாரிணி போய் நின்றால், ஒரே கூட்டம், ஒரே இரைச்சல், மூட்டைகளோடு ஆட்கள் இடித்துக்கொண்டு போகிறார்கள். இதில் எந்த மூஞ்சி? அப்போது பக்கத்துக் கடையில் ஒரு குரல்.

"பிச்சி தீந்துபோச்சு, மல்லிதான் இருக்கு. சரியாக்கா?"

பூக்காரம்மா எரிந்து விழுந்தார். "அதத்தானய்யா நானும் சொன்னேன்!"

பவதாரிணிக்கு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பு. ஜெர்சன் திரும்பினான். மீசை இருந்தது. ஆள் நெட்டை. கையில் மல்லிகைப் பொட்டலம். மல்லிகைத் தோட்டக்காரர் மகளுக்கு மல்லிகை வாங்கி வந்த முதல் ஆள் நீங்கள்தான் என்று அவள் சொன்னாள். அவன் அதையும் திருப்பிச் சொல்லப் போய், பாதியில் நாக்கைக் கடித்துக்கொண்டான்.

வீட்டில் சொன்னபோது சோணைமுத்து உடனே தலையாட்டிவிட்டார். தங்கப்பொண்ணுக்குத்தான் கவலை. பையனின் அம்மா பாக்கியம், மிஷன் பள்ளிக்கூடத்து டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். படித்த குடும்பம். "அவுக நம்ம வீட்டுக்குள்ள வந்து ஒக்காருவாகளா, கை நனைப்பாகளா" என்று புலம்பிக்கொண்டே மீன் குழம்பு வைத்தாள். பாக்கியம் டீச்சர் மகனோடு வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். உட்கார்ந்த கையோடு கரண்ட் போனது.

தங்கப்பொண்ணு மகளைப் பார்த்துப் பல்லைக் கடித்தாள். "சம்பந்தி வந்துருக்காக. ஒரு போனைப் போட்டுக் கரண்டை விடச் சொல்லுடி!"

"அம்மா, அது தெரு டிரான்ஸ்பார்மர்ம்மா..."

பாக்கியம் டீச்சர் கடகடவென்று சிரித்தார். "மதினி, எங்க தெருவுல எம் மகனையும் இப்பிடித்தான் போட்டு வாட்டுறாங்க. இவன் என்ன சொன்னாலும் எடுபடாது. ரெண்டும் ஒண்ணுக்கு ஒண்ணு ஆறுதலா இருக்கட்டும். மொதல்ல சோத்தைப் போடுங்க, கொழம்பு வாசம் தெரு முக்குல இருந்தே இழுக்குது."

இருட்டுக்குள் விசிறி மட்டையால் மாறி மாறி விசிறிக்கொண்டு எல்லோரும் சாப்பிட்டார்கள். டீச்சர் இரண்டாம் தரம் குழம்பு கேட்டதும் தங்கப்பொண்ணுவின் முகம் மலர்ந்துவிட்டது. காலையில் சர்ச்சில் ஜெபம், மத்தியானம் ஒத்தக்கடை மண்டபத்தில் தாலி என்று சாப்பாட்டு இலையிலேயே பேசி முடித்தார்கள். சோணைமுத்து ஆவணியில் வைக்கலாம் என்றார். மாப்பிள்ளையும் பெண்ணும் ஒரே குரலில் அலறினார்கள். காற்று அடங்காமல் யாருக்கு லீவு கிடைக்கும்? ஆகக் காற்று ஓய்ந்து, தையில் கல்யாணம். வெள்ளைத்துரை பட்டு வேட்டியில் வந்து முதல் பந்தியில் உட்கார்ந்தார்.

இப்போது ஜெர்சன் மாற்றல் வாங்கி மதுரைக்குப் பக்கத்து நிலையத்தில் இருக்கிறான். இருவருக்கும் ஒரே நாளில் ஓய்வு கிடைப்பது அபூர்வம். இந்தச் சித்திரையில் கிடைத்தது. குடும்பத்தோடு தமுக்கம் பொருட்காட்சிக்குப் போனார்கள். ராட்டினத்தில் ஏற மாட்டேன் என்று பாக்கியம் டீச்சர் அரை மணி நேரம் மறுத்தார். சோணைமுத்து "நான் இருக்கேன், பயப்படாதீக டீச்சர்" என்று தைரியம் சொல்லி ஏற்றினார். பெட்டி உச்சிக்குப் போனதும் சோணைமுத்து கம்பியைக் கட்டிப்பிடித்துக் கண்ணை மூடிக்கொண்டு "நிப்பாட்டுய்யா, நிப்பாட்டுய்யா" என்று கத்திய கத்தல் மைதானம் முழுக்கக் கேட்டது. கீழே பவதாரிணியும் தங்கப்பொண்ணும் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வர நின்றார்கள். ராட்டினம் நின்றது. சோணைமுத்து தள்ளாடி இறங்கினார். டீச்சர் இறங்கவில்லை. சேலை முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, ராட்டினக்காரரை அதட்டினார்:

"என்னப்பா, அதுக்குள்ள நிப்பாட்டிட்ட? இன்னொரு தடவ சுத்து. இந்தத் தடவ கொஞ்சம் வேகமா."