கம்பம் நின்ற இடமும் ஆறு போன இடமும்

அளவுக்காரி ஜெயித்தவை மூன்று. ஆண்களுக்கே கொடுத்துவந்த ஆற்று அளவு வேலை ஒன்று. பதினாறு வருடம் தனியாகக் குடியிருந்த தகரக் கொட்டகை இரண்டு. அலுவலக வரைபடத்தில் ஓர் ஆற்றின் வாய் எங்கே இருக்க வேண்டும் என்பது மூன்று. பள்ளிக்கூட வாசலை மிதிக்காதவளுக்கு இது சின்ன விஷயமில்லை.

ஆறு பெரிதல்ல. குன்றில் பிறந்து பதினொரு மைல் ஓடி, இரண்டு பாலங்களைக் கடந்து, உப்பளங்களைச் சுற்றிக்கொண்டு கடலில் விழும். கடைசி வளைவில் எண் எழுதிய கம்பம். காலையும் மாலையும் தண்ணீர் தொடும் எண்ணை நோட்டில் எழுதுவாள். எண்களைக் கற்றதே அந்தக் கம்பத்தில்தான். எழுத்து தெரியாது, மாதக் கடைசியில் கைநாட்டு. பேச்சுத்துணைக்கு ஆளில்லை. மாதம் ஒருமுறை வரும் அண்ணனிடம் வாய் திறந்தால், முதல் இரண்டு வார்த்தை வெறும் காற்றாகத்தான் வரும்.

ஒரு டிசம்பர் புயலில் ஆறு மணல்திட்டை வடக்கே உடைத்துக்கொண்டு புது வாய் திறந்தது. கம்பம் காய்ந்த மணலில் நின்றது. கம்பத்தைப் பார்த்துத்தான் எழுத வேண்டும் என்பது உத்தரவு. நாற்பது நாள், இரண்டு வேளையும், பூஜ்யம் எழுதினாள்.

வற்றிய ஆற்றுக்கு அளவுக்காரி எதற்கு என்றது அலுவலகம். கொட்டகையைக் காலி செய்யச் சொல்ல ஓவர்சியரே வந்துவிட்டார்.

"ஏம்மா, தண்ணி இவ்வளவு ஓடுது, பூஜ்யம்னு எழுதியிருக்கியே?"

"கம்பத்துல தண்ணி இல்லைங்க சார்."

"ஆறு நகர்ந்துடுச்சுன்னு ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?"

"யார்கிட்ட சார் சொல்றது? இங்க நண்டுதான் இருக்கு."

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "படத்துல ஆத்து வாய் இங்கதான். எவ்வளவு நகர்ந்துதுன்னு அளந்து, கையெழுத்துப் போட்டுக் குடு. கைநாட்டு மேலதிகாரிங்ககிட்ட எடுபடாது. பத்து நாள்தான். இல்லேன்னா நீ காலி பண்ண வேண்டியதுதான்."

மறுநாள் வழக்கம்போல் பார்க்க வந்த அண்ணன் தையல்காரர். கையில் இருந்தது ஐந்தடி டேப்.

"ஆத்துக்குச் சட்டையாண்ணா தைக்கப் போறே?"

"பேசாம முனையைப் பிடி. எண்ணிக்கை தப்பினா முதல்லேர்ந்துதான்."

தப்பியது. முதலிலிருந்தே அளந்தார்கள். இருநூற்று அறுபத்திரண்டு டேப். ஆயிரத்து முந்நூற்றுப் பத்து அடி.

"அந்தப் பழைய படகுத்துறையையும் எழுதுண்ணா," என்றாள். தெற்கே, தண்ணீரை விட்டு அரை மைல் தள்ளி, முள்காட்டுக்குள் கிடக்கிறது அது. கல்லில் இன்னமும் கயிறு தேய்த்த தழும்பு. "முன்னாடி ஆறு அங்க இருந்திருக்கு. வடக்கே வடக்கேதான் போகுது."

அண்ணன் எழுதினார். அவள் பெயரையும் தனித்தாளில் எழுதிக் கொடுத்துவிட்டு ஊர் திரும்பினார். ஒன்பது நாள், கொட்டகையில் ஒருத்தியாக உட்கார்ந்து பார்த்துப் பார்த்து எழுதினாள்.

ஓவர்சியர் முன்னால் கையெழுத்துப் போட்டாள். ஆனால் பெயர் பக்கவாட்டில் போகாமல், கம்பத்து எண்களைப் போல ஒன்றன்கீழ் ஒன்றாக இறங்கியது. அவர் விரலை வைத்து மேலிருந்து கீழே படித்தார். முத்திரை குத்தினார். கம்பம் புது வாய்க்கு மாறியது, படமும் மாறியது. கொட்டகையில் அவள் பழையபடி தனியாகவே இருந்தாள்.

அவள் கையெழுத்துப் போட்ட அளவுத்தாளின் கார்பன் நகல் அண்ணனிடம் இருக்கிறது. பெயருக்குக் கீழே தேதி: 1967 பிப்ரவரி 9.